கேமராவுக்கு முன்னால் தனியாகப் பாடுவது

மேடை என்றால் கண் தானாகக் கூட்டத்தைத் தேடும். குறும்படத்தில் கூட்டமே கிடையாது. என் துக்கத்திலிருந்து வந்த ஒரு பாட்டை, நானும் கிடாரும் மட்டுமாகப் படமாக்கலாம் என்று முடிவானதும் இயக்குநரிடம் ஒன்றுதான் கேட்டேன்: பிளேபேக் வேண்டாம், படப்பிடிப்பிலேயே பாடி வாசிக்கிறேன்.

ஏற்கனவே பதிவான பாட்டுக்கு வாயசைக்கும்போது அடுத்த வரி எப்போது வரும் என்றே மனது காத்துக்கொண்டிருக்கும், பாட்டுக்குள் போகாது. க்ளோஸ்-அப்பில் அது அப்பட்டமாகத் தெரியும், ஏனென்றால் மூச்சு இழுக்கும் இடமும் கழுத்து இறுகும் இடமும் குரலோடு ஒட்டாது.

நேரடிப் பதிவில் வேலை கூடுதல்தான். டேக்குக்கு டேக் வேகம் லேசாக மாறும் என்பதால் ஒன்றின் படத்தை இன்னொன்றின் ஒலியோடு ஒட்ட முடியாது. வேகம் மாறாமலிருக்கக் காதில் கிளிக், அதாவது தாளம் காட்டும் டக்-டக் ஒலி, வைத்துப் பார்த்தோம், முகம் கணக்குப் போடுகிற முகமாகிவிட்டது, சரி, அது வேண்டாமென்று விட்டுவிட்டு இரண்டு கேமராக்களை ஒன்றாக ஓடவிட்டோம், ஒன்று முகத்துக்கு, ஒன்று விரல்களுக்கு. நல்ல டேக்கை முழுசாக அப்படியே எடுத்துக்கொள்வதென்று முடிவு.

ஒலிப்பதிவாளர் ரெக்கார்டரை 48 கிலோஹெர்ட்ஸில், அதாவது ஒலியை நொடிக்கு 48,000 முறை அளந்து பதியும்படி வைத்தார். பாட்டு ஆல்பங்களில் 44.1 சகஜம், படத்துக்கு 48தான் வழக்கம், 44.1இல் பதிந்ததை 48 என்று ஓட்டினால் பாட்டு வேகமெடுத்து, சுருதி ஏறத்தாழ ஒன்றரை அரைச்சுரம் ஏறிவிடும். கேமரா மைக் படத்தையும் ரெக்கார்டர் ஒலியையும் ஒன்றாகப் பொருத்துவதற்கு மட்டும், அதற்குத் தொடக்கத்தில் ஒரு கைத்தட்டல் போதும். விளக்குச் சூட்டில் கம்பிகள் இறங்கும், அதனால் ஒவ்வொரு டேக்குக்கு முன்னும் சுருதி சேர்க்க வேண்டும். அப்புறம் அந்த அறையின் வெறும் ஒலியையும் கொஞ்ச நேரம் தனியாகப் பதிந்தோம், எடிட்டில் இடைவெளிகளை நிரப்ப அது இல்லாமல் முடியாது.

எனக்கு உண்மையில் கஷ்டமாக இருந்தது பார்வையும் குரலும். லென்ஸைப் பார்த்தால் யாருக்கோ செய்தி சொல்வது போலிருந்தது, கண்ணை மூடினால் நடிப்பாகிவிட்டது. லென்ஸுக்குக் கொஞ்சம் கீழே, ஓரமாகப் பார்க்கச் சொன்னார் இயக்குநர். மைக் ஒரு சாண் தூரத்தில் இருந்ததால் மேடையில் போல குரலைத் தூக்கத் தேவையே இல்லை, பேசுகிற அளவுக்கு இறக்கினேன், சோகமாக இருக்க முயற்சி செய்யாமல் இந்தப் பாட்டு யாரால் வந்ததோ அந்த ஒருவரை மட்டும் நினைத்துக்கொண்டேன். அதன் பிறகுதான் பாட்டு என்னுடையதாகக் கேட்டது.

தேர்ந்தெடுத்த டேக்கில், இரண்டாவது சரணத்தில் ஒரு கம்பி அதிர்ந்து இரைகிறது. முகம் அங்கேதான் மிக நன்றாக இருக்கிறது என்பதால் அப்படியே விட்டோம்.