சிக்லாப் கடலைத் தேடி

ஈஸ்டருக்கு முந்தைய தவக்காலமான லெந்து நாட்களில் ஒரு சனிக்கிழமை உபவாசமிருந்து ஏதாவது ஓர் ஆலயத்துக்குப் போய் ஜெபித்துவிட்டு வருவது எங்கள் வீட்டு வழக்கம். இந்த ஆண்டு எங்கே போகலாம் என்று கேட்டபோது, 82 வயதாகும் பெரியம்மா ஆலயம் எதையும் சொல்லவில்லை. "என்னைச் சிக்லாப் ஆஸ்பத்திரிக்கு அழைத்துக்கொண்டு போ" என்றார்.

சிங்கப்பூரின் கிழக்குக் கரையிலிருந்த அந்த ஆஸ்பத்திரி இப்போது அங்கே இல்லை என்பது அவருக்கும் தெரியும்.

ஏழு வயதில் பெரியம்மாவின் இடுப்பு மூட்டில் காசநோய் கண்டது. செயின்ட் ஆண்ட்ரூஸ் மிஷன் சிக்லாப்பில் நடத்திய எலும்பு மருத்துவமனையில் கொண்டுபோய்ச் சேர்த்தார்கள். அன்றைய சிக்லாப், நகரத்துக்கு வெகு தொலைவில் கிடந்த மீனவர் கம்பம், அதாவது கிராமம். ஊரை நிறுவிய தோக் லாசாம் கரையிறங்கியபோது வானம் இருண்டதாம். இருட்டைக் குறிக்கும் 'கெலாப்' என்ற மலாய்ச் சொல்தான் ஊர்ப்பெயரில் இருக்கிறது என்பார்கள். "அந்த இருட்டூரில்தான் ஒன்றரை வருடம் வெயில் காய்ந்தேன்" என்பார் பெரியம்மா.

வெயில்தான் அந்த ஆஸ்பத்திரியின் தொடக்ககால மருந்து. காசநோய்க்கான ஸ்ட்ரெப்டோமைசின் மருந்து 1943இல்தான் கண்டுபிடிக்கப்பட்டது. அதற்கு முன்பு எலும்புக் காசநோய் வந்த பிள்ளையை மாவுக்கட்டில் அசையாமல் கிடத்தி, நல்ல உணவும் சூரிய ஒளியும் கடற்காற்றும் கொடுத்து, மாதக்கணக்கில் காத்திருப்பதைத் தவிர வேறு வழியில்லை. நெருக்கடியான கடைவீட்டு அறைகளில் வளர்ந்த பிள்ளைகளுக்கு அந்த வெயில் எங்கே கிடைக்கும்? 1939இல் மிஷன் இந்தக் கடலோரத்துக்கு வந்தது அதற்காகத்தான். இந்த ஊழியத்தை 1913இல் பென்கூலன் ஸ்திரீட்டில் சிறு மருந்தகமாகத் தொடங்கியவர் சிங்கப்பூர் ஆங்கிலிக்கன் பேராயரின் மனைவி டாக்டர் சார்லட் ஃபெர்குசன்-டேவி. இந்தியாவில் மிஷன் மருத்துவராக இருந்தவர். பெண்களும் பிள்ளைகளும் வைத்தியமில்லாமல் சாவதைப் பொறுக்காத அந்த அம்மையாரை நினைத்தால் எனக்குக் கை தானாகக் குவிகிறது.

எலியட் ரோட்டில் டாக்சியை விட்டு இறங்கினோம். அந்த இடத்தில் இப்போது மதியிறுக்கம் உள்ள பிள்ளைகளுக்கான செயின்ட் ஆண்ட்ரூஸ் பள்ளி இருக்கிறது. விடுமுறை நாள். வேலிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு பெரியம்மா கண்களை மூடினார்.

பக்கத்துக் கட்டிலில் ஒரு சீனச் சிறுமி இருந்தாளாம். இவருக்குச் சீனம் தெரியாது, அவளுக்குத் தமிழ் தெரியாது. இரண்டு கட்டில்களுக்கும் நடுவே ஒரு நூல் கட்டிக்கொண்டார்கள். இரவில் இவர் இழுப்பார்; விழித்திருந்தால் அவளும் இழுப்பாள். ஒரு விடியலில் நூல் தளர்ந்து வந்தது. கட்டிலில் புது விரிப்பு போட்டிருந்தார்கள். அந்தப் பெயர் தெரியாத பிள்ளைக்காகப் பெரியம்மா ஒரு நாளும் ஜெபிக்காமல் இருந்ததில்லை என்பது எனக்கு அன்றுதான் தெரியும். இத்தனை ஆலயங்களில் மண்டியிட்ட எனக்கு, அந்த வேலியோரத்தில் வந்த கண்ணீர் வேறெங்கும் வந்ததில்லை.

"கடல் எங்கே?" என்றார்.

1966 முதல் கடலைத் தூர்த்துக்கொண்டே போனதில் கரை தெற்கே நகர்ந்துவிட்டது. அடுக்குமாடிகளைத் தாண்டி, விரைவுச்சாலைக்கு அடியில் செல்லும் சுரங்கப்பாதையில் நுழைந்து, மூன்று இடங்களில் உட்கார்ந்து, ஈஸ்ட் கோஸ்ட் பூங்காவை அடைந்தோம். மாவுக்கட்டில் மல்லாந்து கிடந்த ஒன்றரை வருடமும் அலையின் சத்தத்தை மட்டுமே கேட்டவர் அவர். குணமானதும் அப்பா நேரே வீட்டுக்குத் தூக்கிப் போய்விட்டாராம்.

மணலில் நின்று, குட்டையான இடது காலுக்கென்று அடி உயர்த்தித் தைத்த செருப்பைக் கழற்றி என் கையில் கொடுத்தார். அது இல்லாமல் அவரால் நேராக நிற்க முடியாது. என் தோளில் முழுப் பாரத்தையும் சாய்த்துக்கொண்டு, அந்தக் காலை முதலில் தண்ணீரில் வைத்தார்.