ஒரு வரியில் முடியாத வாபஸ்

அப்பா விட்டுப்போன 40 சென்ட். வேலியைப் பிடுங்கிப்போட்ட பக்கத்து நிலத்துக்காரர் மேல் முன்சீப் கோர்ட்டில் நிரந்தரத் தடை கேட்டு வழக்குப் போட்டிருந்தோம். வாதிகள் நானும் அக்காவும். என் குறுக்கு விசாரணை முடிந்து, வாதத்துக்கு வாய்தா போட்டாயிற்று. அப்போதுதான் எங்கள் வக்கீலின் சீனியர் கேஸ் கட்டைப் புரட்டினார்.

"நிலமே தன்னுதுன்னு அவர் பதிலுரையில சொல்லிட்டார். நீங்க தடை மட்டும்தான் கேட்டிருக்கீங்க, உரிமை விளம்புகை, அதாவது நிலம் உங்களுதுன்னு கோர்ட் அறிவிக்கணும்னு, கேட்கல. இப்படியே தீர்ப்புக்குப் போனா தள்ளிடுவாங்க தம்பி."

உரிமையிலேயே சிக்கல் இருந்தால் வெறும் தடை வழக்கு போதாது என்று 2008-ல் அனதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டதாம். பிராதை, அதாவது எங்கள் வழக்கு மனுவை, திருத்தலாமே என்றேன். விசாரணை தொடங்கிய பிறகு திருத்த மனு லேசில் ஏறாதாம்.

சரி, வாபஸ் வாங்கிடலாம், ஒரு வரிதானே என்றேன். ஜூனியரும் 'வழக்கை வலியுறுத்தவில்லை' என்று எழுதிப் பேனாவை நீட்டினார். சீனியர் அதைப் பிடுங்கிக்கொண்டார்.

உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 23, விதி 1. அனுமதி வாங்காமல் வாபஸ் வாங்கினால் அதே விஷயத்துக்கு அதே ஆள் மேல் மறுபடி வழக்குப் போட முடியாது. அந்த ஒரு வரியில் நிலம் கைவிட்டுப் போயிருக்கும். அதனால் உட்பிரிவு 3-ன்படி, புது வழக்குப் போட அனுமதியோடு வாபஸ் பெற இடைமனு. காரணத்தைப் பிரமாணப் பத்திரத்தில் விளக்க வேண்டும். இன்னொரு வாதி சம்மதிக்காமல் நான் மட்டும் வழக்கை விட முடியாது என்பதால் திருப்பூரிலிருந்து அக்காவும் கையெழுத்துப் போட வந்தாள்.

எதிர்த்தரப்பு கடுமையாக ஆட்சேபித்தது. "குறுக்கு விசாரணையில மாட்டிக்கிட்டதும் ஓடப் பாக்கறாங்க" என்றார் அவர்கள் வக்கீல். கொஞ்சம் உண்மைதான், நான்கு எல்லை கேட்டபோது வடக்கையும் மேற்கையும் மாற்றிச் சொல்லியிருந்தேன்.

மூன்று வாய்தாவுக்குப் பிறகு மனு அனுமதிக்கப்பட்டது. எதிராளிக்கு 3,000 ரூபாய் செலவுத்தொகை. அதைக் கட்டிய பிறகே புது வழக்கு. அன்றைக்கே கட்டி ரசீது வாங்கினேன். அவசரத்துக்குக் காரணம் இருந்தது. பழைய வழக்கே போடாததுபோலத்தான் வழக்குப் போடுவதற்கான காலவரையறையைக் கணக்கிடுவார்கள். விளம்புகைக்கு 3 வருஷம்தான்.

அசல் கிரயப் பத்திரத்தைத் திரும்ப வாங்கத் தனி மனு. அதற்குப் பதிலாகச் சான்றிட்ட நகல் வைத்த பிறகு, கட்டின் நூலை அவிழ்த்துப் பத்திரத்தை எடுத்துக் கொடுத்தார் கிளார்க். முதல் பக்கத்தில் 'வா.சா.ஆ. 1', அதாவது வாதி தரப்புச் சான்றாவணம் 1, என்று ஊதா முத்திரை.

"அப்பா பத்திரத்துல இப்படிக் குத்தி வச்சிருக்காங்களேடா" என்றாள் அக்கா. அடுத்த வழக்கில் இன்னொன்று விழும் என்று நான் சொல்லவில்லை.