60 இலட்சக் கடனுக்கு 1 கோடி 58 இலட்சம்

திருகோணமலையில் வீட்டுக் கடன் கேட்டு வங்கிக்குப் போகிறவர் முதலில் கேட்பது "மாசம் எவ்வளவு கட்டவேணும்?" என்பதுதான். உத்தியோகத்தர் கல்குலேட்டரைத் தட்டி, துண்டுக் கடுதாசியில் ஒரு தொகையை எழுதித் தருவார். 60 இலட்சம், 12 வீதம், 20 வருடம் என்றால் அது 66,065 ரூபா. சம்பளத்தில் அது கழிந்தால் மிச்சம் சமையலுக்குக் காணுமா என்ற யோசனையோடு மனுசன் வெளியே வருவார். 66,065ஐ 240ஆல் பெருக்கிப் பார்ப்பவர் குறைவு. பெருக்கினால் 1 கோடி 58 இலட்சத்து 55 ஆயிரம் வரும். அதில் வட்டி மட்டும் 98 இலட்சத்து 55 ஆயிரம்.

12 வீதம் எப்படி இவ்வளவு பெரிய தொகை ஆகிறது? முதல் மாதத்தைப் பிரித்துப் பாருங்கள். 60 இலட்சத்துக்கு ஒரு மாத வட்டி 60,000. கட்டிய 66,065இல், எடுத்த கடனைக் குறைப்பது 6,065 தான். யானைப் பசிக்குச் சோளப்பொரி. இரண்டாம் மாதம் வட்டி வெறும் 61 ரூபா குறையும். ஒரு வருடம் ஒழுங்காகக் கட்டினால் 7 இலட்சத்து 92 ஆயிரம் போயிருக்கும். கடன் குறைந்திருப்பதோ 77 ஆயிரம் அளவில்தான். பத்து வருடம் முடிய, பாதித் தூரம் வந்துவிட்டோம் என்று நினைக்கும்போது மிச்சக் கடன் 46 இலட்சம். 60 இலட்சம் 30 இலட்சமாகக் குறைவதற்குச் சரியாகப் பதினைந்து வருடம் செல்லும். இது எவரும் செய்த சுத்துமாத்து அல்ல. குறைந்துவரும் நிலுவைக்கு வட்டி போடும் முறையின் இயல்பே இதுதான். கடன் கைச்சாத்திடும் முன் 240 வரியும் உள்ள தவணை அட்டவணையை அச்சடித்துத் தரச் சொல்லுங்கள். கேட்டால் தருவார்கள். அதில் 1ஆம், 60ஆம், 120ஆம், 180ஆம் வரிகளை மட்டும் பேனாவால் வட்டமிட்டுப் பார்த்தாலே போதும்.

வட்டி வீதத்துக்காகப் பேரம் பேசுகிறவர்கள் வருடத்துக்காகப் பேசுவதில்லை. இதே 60 இலட்சத்தை, இதே 12 வீதத்தில், 25 வருடத்துக்கு எடுத்தால் தவணை 63,193. மாதம் 2,872 ரூபா இலேசு. அந்த இலேசுக்கு நீங்கள் மேலதிகமாகக் கட்டுவது 31 இலட்சம். மறுபக்கம், 15 வருடத்துக்கு எடுத்தால் தவணை 72,010. மாதம் 5,945 கூட. ஆனால் மொத்தத்தில் 28 இலட்சத்து 93 ஆயிரம் மிச்சம். "சேர், 25 வருசத்துக்குப் போட்டா உங்களுக்குச் சுகமாயிருக்கும்" என்று சொல்பவர் பொய் சொல்லவில்லை. அந்தச் சுகத்தின் விலை மாதம் எவ்வளவு, மொத்தம் எவ்வளவு என்று அவரிடமே கேளுங்கள்.

இந்தக் கணக்கெல்லாம் வட்டி 20 வருடமும் அசையாமல் இருந்தால் மட்டும். நம் நாட்டு வீட்டுக் கடன்களில் பல, முதல் சில வருடம் நிலையான வீதத்திலும் பிறகு மாறும் வீதத்திலும் ஓடுபவை. மாறும் வீதம் பெரும்பாலும் ஏ.டபிள்யு.பி.ஆர். என்ற முதன்மைக் கடன் வீதத்தோடு (வங்கிகள் தங்கள் சிறந்த வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் குறுங்காலக் கடன்களின் சராசரி வட்டி) சில வீதங்களைக் கூட்டிப் போடுவது. மத்திய வங்கி அதைக் கிழமைக்கு ஒருமுறை வெளியிடும். அந்த எண் 2020 முடிவில் 6 வீதத்துக்குக் கீழே இருந்தது. 2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி கொள்கை வட்டியை (வங்கிகளோடு தான் செய்யும் கொடுக்கல் வாங்கலுக்கு அது வைக்கும் வட்டி) ஒரே நாளில் 7 வீதப் புள்ளி உயர்த்தியது. அந்த வருட முடிவில் ஏ.டபிள்யு.பி.ஆர். 27 வீதத்தையும் தாண்டி நின்றது. பிறகு இறங்கியது என்பது உண்மை. ஆனால் 20 வருடக் கடன் எடுப்பவர் அப்படி ஒரு இரண்டு வருடம் இன்னொரு தடவை வராது என்று நம்பிக் கையெழுத்து வைக்கக்கூடாது.

வட்டி ஏறும்போது வங்கிக்கு இரண்டு வழி உண்டு. ஒன்று, தவணையை ஏற்றுவது. இரண்டு வருடம் கட்டியபின் உங்கள் மிச்சக் கடன் 58 இலட்சத்து 36 ஆயிரம். வட்டி 18 வீதத்துக்குப் போனால் தவணை 91,200 ஆகும். நெஞ்சு பதறும், ஆனால் கண்ணுக்குத் தெரியும். இரண்டாவது வழி, தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டுவது. இதுதான் சத்தமில்லாமல் கொல்லும். 12 வீதம் 13 வீதமானால், அதே 66,065ஐக் கட்டிக்கொண்டு போக, மிச்சமிருந்த 216 மாதம் 292 மாதமாகிறது. ஒரே ஒரு வீதத்துக்கு ஆறு வருடமும் நாலு மாதமும். வீதம் 13.6ஐத் தொட்டால் உங்கள் தவணை வட்டிக்கே காணாது. கட்டக் கட்டக் கடன் வளரும். 18 வீதத்தில் மாத வட்டி 87,546. நீங்கள் கட்டுவது 66,065. மீதி 21,481 ஒவ்வொரு மாதமும் நிலுவையாகச் சேரும். அதற்குத் தண்டவட்டி போடுவதும் உண்டு.

ஆகவே வங்கி தரும் கடன் கடிதத்தில் தேடவேண்டிய வசனங்கள் இவை: வீதம் எத்தனை மாதத்துக்கு ஒருமுறை மாறும், எந்தத் திகதியின் ஏ.டபிள்யு.பி.ஆர். எடுக்கப்படும், அதோடு கூட்டும் வீதம் கடன் முடியும்வரை மாறாதா, மேலெல்லை ஒன்று உண்டா, வீதம் ஏறினால் தவணை மாறுமா காலம் மாறுமா. கடைசிக் கேள்விக்கு வாயால் வரும் பதிலை நம்பவேண்டாம். எழுத்தில் வாங்குங்கள்.

கைக்குக் கொஞ்சக் காசு சேரும்போதும் இதே காலக் கணக்குத்தான் விளையாடுகிறது. கனடாவிலிருந்தோ சுவிஸிலிருந்தோ அண்ணன் 5 இலட்சம் அனுப்புகிறார், இரண்டாம் வருட முடிவில் அதைக் கடனுக்குக் கட்டுகிறீர்கள் என்று வையுங்கள். ஒன்றும் சொல்லாமல் கட்டினால் சில இடங்களில் காலத்தை அப்படியே விட்டுத் தவணையைக் குறைத்துவிடுவார்கள். மாதம் 5,660 ரூபா குறையும். முடிவில் வட்டியில் மிச்சம் 7 இலட்சம் சொச்சம். அதே 5 இலட்சத்தைக் கட்டி, தவணையை 66,065 ஆகவே வைத்திருந்தால் கடன் நாலு வருடமும் இரண்டு மாதமும் முந்தி முடியும். வட்டியில் மிச்சம் 28 இலட்சம். கவுண்டரில் சொல்லவேண்டியது ஒரு வசனம்: "மிஸ், தவணையைக் குறைக்காதேங்கோ, காலத்தைக் குறைச்சு விடுங்கோ." பிறகு ஒரு கடிதமும் கொடுத்து, அதன் பிரதியில் முத்திரை குத்தி வாங்குங்கள். அடுத்த மாதக் கூற்றில் மிச்சக் கடன் குறைந்திருக்கிறதா, அல்லது அந்தக் காசு முற்பணத் தவணையாக ஒரு மூலையில் குந்தியிருக்கிறதா என்று பாருங்கள். இரண்டாவது நடந்தால் உங்களுக்கு ஒரு ரூபா வட்டியும் மிஞ்சாது. பகுதிக் கட்டணத்துக்கு அபராதம் உண்டா, வருடத்துக்கு எத்தனை தடவை கட்டலாம் என்பதையும் முதலே கேட்டு வைக்கவேண்டும்.

மொத்தமாக வராதவர்கள் மாதம் 5,000 கூட்டிக் கட்டலாம். முதல் மாதத்திலிருந்தே 71,065 கட்டினால் 240 மாதம் 187 ஆகும். 25 இலட்சத்துக்கு மேல் மிச்சம்.

வங்கி மாற்றுவதிலும் பலர் தவறுகிறார்கள். ஐந்து வருடம் கட்டியாயிற்று, மிச்சம் 55 இலட்சம், வேறொரு வங்கி 10 வீதத்துக்குத் தருகிறது. மிச்சமுள்ள 15 வருடத்துக்கே மாற்றினால் தவணை 59,153 ஆகி, 12 இலட்சத்துக்கு மேல் மிச்சம் வரும். அதிலிருந்து பழைய வங்கியின் முன்கூட்டியே முடிக்கும் கட்டணம், புது மதிப்பீடு, புது ஈட்டு உறுதி, நொத்தாரிசின் கூலி எல்லாம் கழியவேண்டும். கழிந்தாலும் பெரும்பாலும் இலாபமே. ஆனால் புது வங்கி "இருபது வருசமாப் போடுவம்" என்று சொல்லி 53,121 தவணை காட்டினால் பலருக்கு வாயூறும். 53,121ஐ 240ஆல் பெருக்குங்கள். பழைய வங்கியிலேயே மீதித் தவணைகளைக் கட்டி முடிப்பதை விட எட்டரை இலட்சம் கூட. வீதம் 2 குறைந்தும் வீடு விலை ஏறிவிட்டது.

கடனுக்கு வெளியே போகும் காசும் வீட்டின் விலைதான். வாங்கும் வீட்டுக்கு முத்திரைத் தீர்வை முதல் ஒரு இலட்சத்துக்கு 3 வீதம், மீதிக்கு 4 வீதம். 80 இலட்ச வீட்டுக்கு 3 இலட்சத்து 19 ஆயிரம். உறுதி தேடல், சேவே பிளான், மதிப்பீட்டாளர் கட்டணம், நொத்தாரிசு, ஈட்டு உறுதிப் பதிவு எல்லாம் அதற்கு மேல். வங்கி கடன் தருவது நீங்கள் பேசிய விலைக்கு அல்ல, அவர்கள் மதிப்பீட்டாளர் எழுதும் விலையில் ஒரு பங்குக்கு. இடைவெளியை நிரப்பப் பெண்சாதியின் தாலிக்கொடியும் காப்பும் அடகுக்குப் போகும். அந்த அடகு வட்டியையும் இதே கொப்பியில் எழுதுங்கள்.

ஆயுள் காப்புறுதியில் ஒரு நுணுக்கம் உண்டு. கடனாளி இறந்தால் கடனை முடிக்கும் காப்புறுதி நல்லதுதான், வேண்டாம் என்று சொல்லமாட்டேன். அதன் ஒற்றைத் தவணை 2 இலட்சம் என்றால், "கையில காசில்லையே, லோனோட சேர்த்து விடுவம்" என்பார்கள். சேர்த்தால் அந்த 2 இலட்சத்துக்கும் 20 வருடம் வட்டி ஓடி, 5 இலட்சத்து 28 ஆயிரமாக முடியும். கையிலிருந்து கட்டப் பாருங்கள்.

கட்டடக் கடன் எடுப்பவர்கள் மாரியை மறக்கக்கூடாது. காசு ஒரேயடியாக வராது. அத்திவாரம், லிண்டல் மட்டம், கூரை, பூச்சு என்று கட்டங்கட்டமாக, மதிப்பீட்டாளர் வந்து பார்த்தபின் வரும். அதுவரை எடுத்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவீர்கள். ஐப்பசி பிறந்தால் இங்கே மழை; கார்த்திகை, மார்கழியில் மேசன்மார் வேலைக்கு வருவதே நிச்சயமில்லை. 30 இலட்சம் எடுத்து, கூரை போடாமல் நாலு மாதம் நின்றால் 1 இலட்சத்து 20 ஆயிரம் வட்டி, எடுத்த கடனில் ஒரு சதமும் கழியாது. தைப்பொங்கல் கழியத் தொடங்கி, ஆவணிக்குள் கூரை ஏற்றுவது போல் திட்டம் போடுவது வட்டிக்கணக்கிலும் புத்தி.

காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்ட அனுமதிப்பத்திரக் காணி, அதாவது அரசு அனுமதிப்பத்திரத்தில் கொடுத்த காணி, இந்த மாவட்டத்தில் நிறைய. அதை ஈடு வைப்பது உறுதிக் காணி போல இலேசல்ல. பிரதேச செயலகத்தின் சம்மதம் இல்லாமல் நகராது. வங்கி கைவிரித்ததும் ஆட்கள் நிதிக் கம்பனிக்கு ஓடுகிறார்கள். அங்கே சொல்லும் "பத்து வீதம்" முழுத் தொகைக்கும் முழுக் காலத்துக்கும் போடும் தட்டை வட்டியாக இருக்கலாம். 10 இலட்சம், 5 வருடம், மாதம் 25,000 என்றால் அது வங்கிக் கணக்கில் 17 வீதத்துக்கும் கூட. தட்டையா குறைந்துவரும் நிலுவையா என்று கேட்காமல் இரண்டு வீதங்களை ஒப்பிடுவதில் பயனில்லை.

கடன் ஓடும் இருபது வருடமும் வீடும் தேயும். திருக்கடலூர், உப்புவெளி, நிலாவெளிப் பக்கம் உப்புக்காற்றில் ஜன்னல் கம்பி முதல் தூண் கம்பி வரை துருப்பிடிக்கும். கொங்கிரீட் மூடல் மெல்லிதாக விட்ட வீடுகளில் சிலாப்பு பொருக்கு விடும். கட்டடப் பெறுமதியில் வருடம் ஒரு வீதமாவது ஒதுக்கி வைப்பது நியாயமான அளவு. சோலைவரியும் உண்டு. வங்கி கேட்கும் தீக்காப்புறுதியில் புயலும் வெள்ளமும் சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். 1964 மார்கழிப் புயலையும் 2004 சுனாமியையும் கண்ட ஊர் இது. காப்புறுதித் தொகையைக் கடன் நிலுவைக்கு மட்டும் போடுவது பிழை. ஒரு கோடி கட்டடத்தை 60 இலட்சத்துக்குக் காப்புறுதி செய்தால், 10 இலட்சச் சேதத்துக்கு விகிதப்படி 6 இலட்சமே கிடைக்கலாம்.

மறுபக்கமும் சொல்லவேண்டும். 2022 செப்டெம்பரில் பணவீக்கம் 70 வீதத்தை எட்டியது. நிலையான வட்டியில் முன்னரே கடன் எடுத்தவர்களுக்கு அந்தத் தவணை அரிசி மூடை கணக்கில் பாதியாகச் சுருங்கியது. 1 கோடி 58 இலட்சம் என்பது இருபது வருடத்தில் பரவிய காசு, இன்றைய காசு அல்ல. அதனால் முடிந்தவரை நீண்ட காலத்துக்கு நிலையான வீதம் கிடைத்தால், அரை வீதம் கூடக் கொடுத்தாலும் நான் அதையே எடுக்கச் சொல்வேன்.

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடியவில்லை. "கடன் முடிந்தது" என்ற கடிதத்தோடு உறுதியைச் சுருட்டிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். ஈட்டை நீக்கும் உறுதியை எழுதிக் காணிப் பதிவகத்தில் பதியும்வரை, உங்கள் காணியின் பதிவேட்டுப் பக்கத்தில் வங்கியின் பெயர் அப்படியே கிடக்கும். நொத்தாரிசிடம் ரசீது வாங்கி, ஒரு மாதம் கழித்து அந்தப் பக்கத்தின் பிரதியை எடுத்துப் பாருங்கள். தீக்காப்புறுதிப் பத்திரத்திலும் வங்கியின் பெயரை அன்றே எடுப்பியுங்கள்.