ஒரு சான்றும் ஒரு வாரும்: டூரின் போய் வந்த கதை

2025 மார்ச் 8 முதல் 15 வரை இத்தாலியின் டூரின் நகரிலும் அதையடுத்த ஆல்ப்ஸ் மலை ஊர்களிலும் நடைபெற்ற, அறிவுசார் குறைபாடு உள்ளவர்களுக்கான ஸ்பெஷல் ஒலிம்பிக்ஸ் உலகக் குளிர்கால விளையாட்டுப் போட்டிகளுக்கு இந்தியாவிலிருந்து சென்ற 49 பேரில் நானும் ஒருத்தி. விளையாடச் சென்றவர்கள் 30 பேர். மீதிப் பேர் என்னைப் போல காலணி வார் கட்டவும், மாத்திரை எண்ணிக் கொடுக்கவும், படிவம் நிரப்பவும் சென்றவர்கள். ஏறத்தாழ 1,500 விளையாட்டாளர்கள் திரண்ட இடத்தில் எங்களுடையது சின்ன அணிதான். திரும்பி வந்ததிலிருந்து எல்லோரும் பனியைப் பற்றியே விசாரிக்கிறார்கள். என்னை அலைக்கழித்தது காகிதம் என்பதால் அதையே இங்கே எழுதுகிறேன். அறிவுசார் குறைபாடு உள்ள பிள்ளைகளை வெளிநாட்டுக்கு அழைத்துச் செல்லப்போகும் யாருக்காவது இது பயன்படக்கூடும்.

நான் திருநெல்வேலிக்காரி, சண்டிகரில் சிறப்புக் கல்வி ஆசிரியையாக இருக்கிறேன். என் பொறுப்பில் இருந்தவள் இமாச்சல மலைக்கிராமம் ஒன்றைச் சேர்ந்த 22 வயதுப் பெண். என்னைத் 'தீதி' (அக்கா) என்று கூப்பிடுவாள். அவளுடைய போட்டி, பனிக்காலணி கட்டிக்கொண்டு ஓடும் 100 மீட்டர் ஓட்டம். பனியில் கால் புதையாமல் இருக்கக் காலணிக்கு அடியில் வாரால் கட்டிக்கொள்ளும் அகலமான சட்டம்தான் பனிக்காலணி.

டிசம்பரில் அவளும் அவளுடைய அப்பாவும் இரவெல்லாம் பேருந்தில் பயணம் செய்து விசா விண்ணப்ப மையத்துக்கு வந்து சேர்ந்தார்கள். பாஸ்போர்ட் எடுத்த காலத்தில் அவளுக்குக் கையெழுத்துப் போடத் தெரியாததால் அதில் பெருவிரல் ரேகைதான் இருக்கிறது. அதற்குப் பின் இரண்டாண்டுகள் முயன்று தன் பெயரை எழுதக் கற்றிருந்தவள், விசா படிவத்தில் நாக்கைக் கடித்துக்கொண்டு அழகாகக் கையெழுத்திட்டாள். முகப்பில் இருந்த ஊழியர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "இது பொருந்தவில்லையே" என்றார். மாற்றுத்திறனாளிச் சான்றை நீட்டினேன். அது வினையாக முடிந்தது. அப்படியானால் இவளுக்காகக் கையெழுத்திட வேண்டிய சட்டப்பூர்வப் பாதுகாவலர் யார், அதற்கான சான்று எங்கே என்று கேட்டார். "நான்தான் இவளைப் பெற்றவன்" என்று அப்பா சொன்னதை அவர் காதில் போட்டுக்கொள்ளவே இல்லை. அந்தச் சான்று உங்கள் பட்டியலிலேயே இல்லையே என்று அச்சிட்ட தாளை நான் காட்டியபோது, பட்டியலில் எல்லாவற்றையும் போட முடியுமா என்று திருப்பிக் கேட்டார். இரண்டு இரவுப் பயணமும் அப்பாவின் கூலியும் வீணாயின.

எரிச்சல் தணிந்த பிறகு விசாரித்ததில், ஊழியரின் பேச்சுதான் கரடுமுரடே ஒழிய, கேள்வி அப்படியொன்றும் ஆதாரமற்றதல்ல என்று தெரிந்தது. பிள்ளைக்குப் 18 வயது முடிந்துவிட்டால், அறிவுசார் குறைபாடு இருந்தாலும்கூட, பெற்றோர் தாமாகவே சட்டப்பூர்வப் பாதுகாவலராகத் தொடர்வதில்லை. 1999ஆம் ஆண்டின் தேசிய அறக்கட்டளைச் சட்டப்படி, மாவட்ட ஆட்சியர் தலைமையில் இயங்கும் உள்ளூர் அளவிலான குழுவிடம் விண்ணப்பித்துச் சான்று பெற வேண்டும். விண்ணப்பம் 'படிவம் ஏ', கிடைக்கும் சான்று 'படிவம் பி'. அந்தக் குழு மூன்று மாதத்துக்கு ஒருமுறையேனும் கூட வேண்டும் என்பதுதான் சட்டம். ஆகவே ஒரு கூட்டத்தைத் தவறவிட்டால் அடுத்ததற்கு எத்தனை வாரம் காத்திருக்க வேண்டும் என்பது நம் கையில் இல்லை. பயணமே இல்லாவிட்டாலும் பிள்ளைக்குப் 18 ஆனதும் இதை வாங்கி வைத்துவிடுங்கள்.

எங்களுக்கு அதிர்ஷ்டவசமாக ஜனவரிக் கடைசியில் கூட்டம் இருந்தது. ஆனால் விண்ணப்பத்தைப் பதிவேட்டில் ஏற்றுவதற்குள் அவளுடைய அம்மா நான்கு முறை நடந்தார். ஒருமுறை, பதிவேடு இருந்த அலமாரியின் சாவி விடுப்பில் போனவரிடம் இருக்கிறது என்று பதில் வந்ததாம். குழுவின் முன் கையெழுத்திடச் சொன்னபோது கடைசி எழுத்து கோணிவிட்டது என்று அவள் வேறொரு தாள் கேட்டு வாங்கி மறுபடி எழுதினாள். அந்தத் தாள் எந்தக் கோப்பிலும் சேரவில்லை, என்னிடம் இருக்கிறது.

பிப்ரவரியில் மீண்டும் அதே மையம். முகப்பில் வேறோர் ஊழியர். சான்றைக் கண்ணெடுத்தும் பார்க்கவில்லை. கைரேகையும் படமும் எடுத்து எட்டு நிமிடத்தில் அனுப்பிவிட்டார். அழுவதா சிரிப்பதா என்று எனக்குத் தெரியவில்லை, அப்பாதான் சிரித்தார்.

பயணத்துக்கு முன் இரண்டொரு எச்சரிக்கைகள். மருத்துவக் காப்பீடு குறைந்தது 30,000 யூரோவுக்கு இல்லாமல் ஷெங்கன் விசா (இத்தாலி உள்ளிட்ட பல ஐரோப்பிய நாடுகளுக்குப் பொதுவானது) நகராது. வலிப்பு மாத்திரை சாப்பிடுகிறவர்கள் மருந்தின் வணிகப் பெயரோடு மூலப்பெயரையும் எழுதி மருத்துவரிடம் ஆங்கிலத்தில் கடிதம் வாங்கி, மாத்திரைகளுடன் சேர்த்துக் கைப்பையிலேயே வையுங்கள். பனிக்காலணியின் அடியில் இரும்புப் பற்கள் இருக்கும். அதைக் கைப்பையில் வைக்காதீர்கள். விமானம், தங்குமிடம், இனால்பி அரங்கில் நடந்த தொடக்கவிழா எல்லாம் குறையின்றி நடந்தன.

இனி என் பிழை. பொங்கல் விடுமுறையில் ஊருக்கு வந்தபோது, கட்டும் முறை எனக்கே கைவர வேண்டும் என்று ஒரு ஜோடிப் பனிக்காலணியை எடுத்துவந்து உவரிக் கடற்கரை மணலில் கட்டி நடந்து பார்த்தேன். வேடிக்கை பார்த்த சிறுவர்கள் மீன் வலையைக் காலில் கட்டியிருக்கிறேன் என்று நினைத்தார்கள். திரும்பியதும் ஈரத்துணியால் துடைத்து வைத்தேன். பிறகு அளவு பொருந்தியதால் அந்த ஜோடியே அவளுக்குப் போயிற்று.

இந்தப் போட்டிகளில் முதலில் பிரிவாக்கச் சுற்று ஒன்று நடக்கும். அதில் எடுத்த நேரத்தை வைத்து ஏறத்தாழ ஒரே திறன் உள்ளவர்களை ஒரு பிரிவில் சேர்ப்பார்கள். வேண்டுமென்றே மெதுவாக ஓடி எளிய பிரிவில் நுழைவதைத் தடுக்க, இறுதிச் சுற்றில் 15 விழுக்காட்டுக்கு மேல் வேகம் கூடினால் தகுதி நீக்கம் என்று ஒரு விதி உண்டு. நியாயமான விதிதான். பயிற்சியில் 42 வினாடியில் ஓடிக்கொண்டிருந்தவளுக்குப் பிரிவாக்கச் சுற்றில் பாதி வழியில் இடது வார் கழன்றது. காலணி இல்லாமல் ஓடக்கூடாது என்று படித்துப் படித்துச் சொல்லியிருந்தேன். அவள் அப்படியே உட்கார்ந்து, கையுறையைக் கழற்றி, வாரை இழுத்துக் கட்டிவிட்டுத்தான் எழுந்தாள். நேரம் 58.3 வினாடி. வாங்கிப் பார்த்தால் கொக்கியின் பல்லிடுக்கில் நான்கைந்து மணல் துணுக்குகள் ஒட்டியிருந்தன. உவரி மணல்.

58.3இல் 15 விழுக்காட்டைக் கழித்தால் ஏறத்தாழ 49.6. அதாவது, இறுதிச் சுற்றில் அவள் வழக்கம்போல் ஓடினாலே வெளியேற்றப்படுவாள். மெதுவாக ஓடு என்று அவளிடம் சொல்வது முடியாத காரியம். அவளுக்கு அது புரியாது, எனக்கும் அதைச் சொல்ல வாய் வராது. ஒரே வழி, பதிவான நேரம் அவளுடைய உண்மையான திறனைக் காட்டவில்லை என்று பயிற்சியாளர் குறித்த கெடுவுக்குள் எழுதிக் கொடுக்கும் படிவம்தான். படிவத்தை வாங்கி நிரப்பிக்கொண்டு போனால், துணைப் பயிற்சியாளரான என் கையெழுத்து செல்லாது, தலைமைப் பயிற்சியாளர்தான் இட வேண்டும் என்றார் மேசையில் இருந்த தன்னார்வலர். தலைமைப் பயிற்சியாளரோ வேறொரு தடத்தின் அடிவாரத்தில் மற்றப் பிள்ளைகளோடு நின்றிருந்தார். மதிய வெயிலில் இளகிய பனியில் முழங்கால்வரை புதையப் புதைய ஓடி, கையெழுத்து வாங்கித் திரும்பியபோது கெடு முடிய ஏழு நிமிடம் இருந்தது. பனிக்காலணி விளையாட்டுக்கு வந்த நான் சாதாரணக் காலணியோடு பனியில் ஓடினேன் என்பதைத் தன்னார்வலர்தான் சுட்டிக்காட்டினார்.

போட்டித் தளத்துக்குப் போகும்போது வெற்றுப் படிவம் இரண்டு, பேனாவோடு ஒரு பென்சில் (குளிரில் பேனா மை உறைந்துவிடுகிறது), மாற்று வார் ஒரு ஜோடி, கொக்கியைத் தேய்க்க ஒரு பழைய பல்துலக்கி ஆகியவற்றைப் பையில் வைத்துக்கொள்ளுங்கள். கையெழுத்திடும் அதிகாரம் யாருக்கு என்பதையும் முதல் நாளே கேட்டுவிடுங்கள்.

படிவம் ஏற்கப்பட்டதால் அவளை வேகமான பிரிவுக்கு மாற்றினார்கள். அங்கே 41.6 வினாடியில் ஓடினாள். அதுவரை அவள் ஓடியதில் அதுவே மிகக் குறைந்த நேரம். நான்காவது இடம். இந்தியாவுக்குக் கிடைத்த 33 பதக்கங்களில் அவளுடையது இல்லை. நான்காம் இடத்துக்கு ரிப்பன் தருவார்கள், அதைத்தான் வாங்கினாள். பழைய பிரிவிலேயே விட்டிருந்தால் பதக்கம் வந்திருக்குமே என்று தொலைபேசியில் அவளுடைய மாமா கேட்டார். ஓடி முடித்ததும் வெளியேற்றியிருப்பார்கள் என்று மூன்று முறை விளக்கினேன். அவருக்கு இன்னும் சமாதானம் ஆகவில்லை.

அவளோ ரிப்பனைக் கழுத்தில் கட்டிக்கொண்டே டெல்லியில் இறங்கினாள். பாஸ்போர்ட்டில் ரேகைக்குப் பதில் கையெழுத்து வர வேண்டும் என்று இப்போது விண்ணப்பித்திருக்கிறோம். படிவம் பி-யின் நகல்கள் ஆறு மிச்சம் இருக்கின்றன. அவற்றையும் எடுத்துப் போகிறேன்.