மியூசிக் போட்டுத் தூக்குங்க

சிங்களப் படங்களில் தமிழன் வேலை செய்வதைக் கேட்டு யாராவது ஆச்சரியப்பட்டால் எனக்குச் சிரிப்புத்தான் வரும். 1947இல் வந்த முதல் சிங்களப் பேசும் படமே தென்னிந்தியாவில் எடுக்கப்பட்டது. ஆர். முத்துசாமியும் எம்.கே. ரொக்சாமியும் சிங்களப் படங்களுக்கு எவ்வளவு இசை தந்திருக்கிறார்கள்! நான் அந்த வாசலால் ஒலிப்பதிவாளனாக நுழைந்து, பிறகு இசையமைத்து, இப்போது ஒரு படம் இயக்குகிறேன்.

மூன்றிலும் கஷ்டமானது, கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு வீட்டுக்குள் வசனம் பதிவது. ஒரு பக்கம் காலி வீதி, மறுபக்கம் கடலோர ரயில் பாதை. மேலே காகம், பக்கத்து மாடியில் டைல் வெட்டுகிற மெஷின். போதாததற்கு, பாண் (ரொட்டி) விற்கிற ஆட்டோ பீத்தோவனின் 'ஃபூர் எலீஸ்' மெட்டைப் போட்டுக்கொண்டு வந்துவிடும். செத்த வீட்டுக் காட்சியில் அது கேட்டால் அழுகிற நடிகைக்கே சிரிப்பு வரும். ரயிலுக்காவது நேர அட்டவணை உண்டு.

உள்ளே போனால் பிரிஜ். அதன் முனகலைக் காது மறந்துவிடும், மைக் மறக்காது. "அன்ரி, பிரிஜ்ஜைக் கொஞ்சம் நிப்பாட்டலாமா?" என்றால், "மீன் கிடக்குது தம்பி, பழுதாப் போனா ஆர் தாறது?" என்பார் வீட்டுக்காரம்மா. நியாயமான கேள்வி. அதனால் தொழிலில் ஒரு பழைய தந்திரம் இருக்கிறது: பிரிஜ்ஜை நிறுத்தியதும் வாகனச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிட வேண்டும். திரும்பப் போட மறந்து வீட்டுக்குப் போக வழியில்லை.

காட்சி முடிந்ததும் எல்லோரையும் அசையாமல் நிற்கச் சொல்லி, அறையின் வெறும் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவோம். வசனத்தை வெட்டி ஒட்டும்போது விழுகிற ஓட்டைகளை அதை வைத்துத்தான் அடைப்பது. சோற்றுப் பார்சல் வந்திறங்குகிற நேரத்தில் அந்த ஒரு நிமிடத்தை வாங்குவது லேசுப்பட்ட காரியமில்லை.

ஸ்டூடியோவில் வேறு பாடு. யாழ்ப்பாணத்து வளவைத் திரையில் காட்டிவிட்டு, வெளிநாட்டு ஒலித் தொகுப்பிலிருந்து 'இரவு' என்று ஒன்றைப் போட்டால் எந்த நாட்டுப் பூச்சியோ கத்தும். பார்ப்பவருக்குப் பிழை எதுவென்று சொல்லத் தெரியாது, ஆனால் மனம் ஒட்டாது. காய்ந்த பனையோலையின் சரசரப்பு தென்னோலையில் வராது. கொழும்பில் இருந்துகொண்டு அதற்கு வடக்கிலிருந்து வந்த பழைய ஓலைப்பெட்டியை மைக்குக்கு முன்னால் கசக்க வேண்டியதுதான்.

இப்படிப் பழகியதால் இசையமைப்பில் எனக்கு ஒரு பிடிவாதம் வந்துவிட்டது. ஆண் குரல் தாழ்ந்து பேசுகிற இடத்தில் செலோ என்கிற பெரிய வயலின் மாதிரி வாத்தியத்தை வைக்கமாட்டேன். இரண்டும் ஒரே சுருதி உயரத்தில் நின்று முட்டிக்கொள்ளும். காட்சி சோர்ந்தால் "மியூசிக் போட்டுத் தூக்குங்க" என்பார்கள். தூக்க வேண்டியது காட்சியை எழுதினவர் அல்லவா?

லொகேஷன் பார்க்கப் போகும்போது கேமராக்காரரைக் கூட்டிப்போவார்கள், ஒலிப்பதிவாளரை யாரும் கூப்பிடுவதில்லை. என் படத்துக்கு இரண்டு பேரையும் கூட்டிப்போனேன். கேமராக்காரருக்குப் பிடித்த வீட்டில் ஒலிப்பதிவாளர் கண்ணை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார், "சரிவராது" என்றார். தெஹிவளைப் பக்கம் வேறு வீடு எடுத்தோம். அங்கே ஜன்னல் வெளிச்சம் மட்டம் என்று கேமராக்காரர் இன்னமும் முணுமுணுக்கிறார்.