செமெஷ் போகும் ரயில்

சியோஃபோக் தாண்டியதும் வலப்பக்க ஜன்னல் முழுக்க ஏரி. பாலட்டோன். 77 கிலோமீட்டர் நீளம், ஹங்கேரிக்காரர்களுக்கு இதுதான் கடல். குடும்பங்கள் மிதவை, துண்டு, குழந்தை சகிதம் ஒவ்வொரு நிறுத்தத்திலும் இறங்கிக்கொண்டே இருந்தன. நான் குளிக்கப் போகவில்லை. ஒரு நடிகரின் கல்லறையைப் பார்க்கப் போனேன்.

லத்தினோவிச் சோல்தான். அங்கே நம் இனிஷியல் போலக் குடும்பப் பெயர்தான் முதலில். 1971இல் வந்த 'சிந்துபாத்' படத்தில்தான் அவரை முதலில் பார்த்தேன். அதில் எலும்பைத் தட்டி, மஜ்ஜையை ரொட்டியில் எடுத்து, கண் சொக்கச் சாப்பிடும் ஒரு காட்சி. சாப்பாட்டை அப்படி நடித்த இன்னொருவரை நான் பார்த்ததில்லை. பிறகுதான் தெரிந்தது, புடாபெஸ்டின் பேர்போன குந்தெல் உணவகத்தை நடத்திய குந்தெல் காரோய் அவருடைய தாய்வழித் தாத்தா என்று.

நாடகப் பள்ளி வாசலை மிதிக்காதவர். படித்தது கட்டடக்கலை. 1956இல் பட்டம் வாங்கிய கையோடு தெப்ரெத்சென் நகர நாடகக் குழுவில் சேர்ந்தார். அப்புறம் மிஷ்கோல்ட்ஸ், அதன்பின் தலைநகரின் வீக் நாடக அரங்கு. அங்கே அவர் ரோமியோ, ருத்காய் ஏவா ஜூலியட். மேடைக்கு வெளியேயும் அவர்கள் இணைதான். ஒரு குடும்பத்தையே இரவிரவாகக் காகிதப் பெட்டி மடிக்க வைக்கும் தூக்கமில்லாத மேஜராக முதலில் மேடையிலும், 1969இல் திரையிலும் நடித்தார். அந்தப் படத்தில் சிரித்துக்கொண்டே இருக்கும்போது சட்டென்று பயம் பிடித்துக்கொள்ளும். நாடக நிர்வாகங்களோடு ஓயாத மோதல். அவர் கேட்டது நல்ல நாடகம், அவ்வளவுதான் என்றே எனக்குத் தோன்றுகிறது.

ரயில் சார்சோவில் நின்றது. என் நெஞ்சு அடைத்தது இங்கேதான். கவிஞர் யோஜெஃப் அத்தில 1937 டிசம்பரில் இந்த ஊரில் ரயிலில் அடிபட்டு இறந்தார், வயது 32. அவர் கவிதைகளை லத்தினோவிச் வாசித்த பதிவு என் காதில் ஓடிக்கொண்டிருந்தது. மொழி தெரியாது. ஆனாலும் அந்தக் குரல் எங்கே மூச்சு வாங்குகிறது, எங்கே இறுகுகிறது என்று எனக்கு மனப்பாடம்.

சார்சோவுக்கு இரண்டு நிறுத்தம் தள்ளி பாலட்டோன்செமெஷ். 1976 ஜூன் 4, அதே ரயில் பாதை, அதே போன்ற மரணம். லத்தினோவிச்சுக்கு அப்போது வயது 44. விபத்தா, அவரே தேடிக்கொண்டதா என்று இன்னும் பேசுகிறார்கள். அந்தப் பேச்சில் எனக்கு மனம் ஒட்டவில்லை. இன்னும் முப்பது வருஷம் நடித்திருக்க வேண்டிய மனிதர்.

கல்லறைத் தோட்டத்தில் என்னைத் தவிர ஒரு வயதான அம்மாள் மட்டும். வேறொரு கல்லறைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தவர், என்னைப் பார்த்து "சோல்தான்?" என்றார். தலையாட்டினேன். கைகாட்டினார். கொண்டுபோன பூவை வைத்துவிட்டு வெகுநேரம் அங்கேயே நின்றேன்.

மாலையில் ஏரியில் இறங்கினேன். தென்கரையில் ஆழமே இல்லை. நடந்துகொண்டே இருந்தேன், தண்ணீர் இடுப்புக்கு மேல் ஏறவேயில்லை. கரையில் ரயில் ஒன்று கூவிக்கொண்டு போனது.