ஜீவனாம்சத்தைக் கூட்டிக் கேட்ட பதினான்கு மாதங்கள்

2017இல் எனக்கு மாதம் 3,000, மகளுக்கு 2,000 என்று ஜீவனாம்ச உத்தரவு ஆனது. மகள் அப்போது ஒன்றாம் வகுப்பு. 2024இல் எட்டாம் வகுப்புக்கு வந்துவிட்டாள், தொகை மட்டும் அதே 5,000. பள்ளிக் கட்டணமும் வேன் வாடகையுமே அதைத் தாண்டிவிட்டன. கோர்ட் ஒருமுறை சொன்னால் சொன்னதுதான் என்று ஏழு வருஷம் நம்பியிருந்தேன். என்னைப் போல் இன்னும் எத்தனை பேர் நம்பியிருக்கிறார்களோ என்றுதான் இதை எழுதுகிறேன்.

நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போனேன். பெண்களுக்கு அங்கே வருமான வரம்பு பார்ப்பதில்லை, இலவசமாக வக்கீல் கிடைக்கும். வந்த வக்கீலம்மாவிடம், கணவர் என்னை அடித்ததிலிருந்து ஆரம்பித்தேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அதெல்லாம் பழைய வழக்கோட முடிஞ்சுதும்மா. 2017 உத்தரவுக்கு அப்புறம் என்ன மாறியிருக்கு? அதைச் சொல்லுங்க" என்றார்.

மொத்த வழக்கும் அந்த ஒரு கேள்விதான். உத்தரவான தொகையை மாற்றக் கேட்கும் வழி முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 127ஆம் பிரிவாக இருந்தது, 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 146ஆம் பிரிவு. கொடுப்பவர், வாங்குபவர் யாருடைய சூழ்நிலை மாறினாலும் தொகையைக் கூட்டலாம், குறைக்கலாம். விவாகரத்துத் தீர்ப்போடு நிரந்தர ஜீவனாம்சம் வாங்கியவர்களுக்கு இந்து திருமணச் சட்டத்தின் 25(2) இருக்கிறது.

வீட்டில் ஒரு பிஸ்கட் டின்னில் ரசீதுகளைப் போட்டு வைப்பேன். தரையில் கொட்டி, வருஷவாரியாகப் பிரித்து அடுக்கினோம். முதல் வகுப்புக் கட்டண ரசீதில் மை மங்கி, தொகை மட்டும்தான் தெரிந்தது. அதையும் சேர்த்துத்தான் வக்கீலம்மா ஜெராக்ஸ் எடுத்தார். அன்றைய செலவையும் இன்றைய செலவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்ட வேண்டுமாம்.

பிறகு சொத்து, வருமானப் பிரமாணப் பத்திரம். 2020 நவம்பரில் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, இரண்டு தரப்பும் வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் எழுதித் தர வேண்டும். ஜவுளிக்கடையில் எனக்கு 6,000 சம்பளம். அதை எழுதினால் இருப்பதும் குறைந்துவிடுமோ என்று கை நடுங்கியது. "மறைச்சா குறுக்கு விசாரணையில மாட்டுவீங்க. எழுதுங்க" என்றார் வக்கீலம்மா. எழுதினேன். கணவர் தரப்பு வக்கீல் கூண்டில் என்னிடம் கேட்ட முதல் கேள்வியே, "நீங்க வேலைக்குப் போறீங்களா இல்லையா?" "போறேன், பத்திரத்துல இருக்கு" என்றேன். அதற்குமேல் அதில் ஒன்றுமில்லாமல் போனது. அன்றைக்கு மறைத்திருந்தால் நான் சொன்ன வேறு எதையும் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள்.

கணவர் 2017இல் மேற்பார்வையாளர், இப்போது மேலாளர். எதிர்மனுவில் வீட்டுக் கடனையும் தாயாரின் மருத்துவச் செலவையும் காட்டினார். மருந்துச் செலவை நீதிபதி கணக்கில் எடுத்தார், அது நியாயம்தான். வாய்தா வாய்தாவாகப் பதினான்கு மாதம் ஓடியது. அதுவரை பழைய 5,000 உத்தரவுதான் நடப்பில் இருந்தது. மனு போட்டுவிட்டதாலேயே அது நிற்பதுமில்லை, தானாகக் கூடுவதுமில்லை.

கேட்டது 18,000. கிடைத்தது எனக்கு 3,500, மகளுக்கு 7,000. மனு போட்ட மாதத்திலிருந்தே கணக்கு என்பதால் வித்தியாசத் தொகை 77,000 வந்தது, ஏழு தவணையில் கொடுக்கச் சொன்னார்கள்.

மகளுக்கு 18 வயதானதும் இந்தப் பிரிவில் அவளுடைய பங்கு நின்றுவிடும். அதன் பிறகு திருமணமாகாத மகளுக்கு 1956ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டத்தில் தனியாகக் கேட்க வழியிருக்கிறது என்று வக்கீலம்மா குறித்துக் கொடுத்திருக்கிறார்.

இரண்டு தவணை வந்தது, மூன்றாவது வரவில்லை. நிலுவைக்குத் தனி மனு, பணம் வர வேண்டிய நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் போட்டாக வேண்டும். ஒவ்வொரு தவணைத் தேதியையும் நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன். திங்கட்கிழமை மனுவில் கையெழுத்துப் போடப் போகிறேன்.